பத்தொன்பதாம் கட்டத்தில் கனகவல்லி

நான் முன்பு வேலை பார்த்த பரிசோதனைக் கூடத்திலிருந்து போன மாதம் இரண்டு இளைஞர்கள் திருவொற்றியூரில் என் வீட்டைத் தேடிப் பிடித்து வந்தார்கள். கூடத்துக்குப் புது இயந்திரம் ஒன்று வந்திருக்கிறதாம். ஒரு சிட்டிகைத் தூளை உள்ளே வைத்து மூடினால் போதுமாம். அதில் என்னென்ன தனிமங்கள் இருக்கின்றன என்று அதுவே தாளில் அடித்துக் கொடுத்துவிடுமாம். அந்த மகாராசாவுக்கு இடம் ஒதுக்கச் சுவரில் தொங்கிய பழைய தனிம அட்டவணையைக் கழற்றியிருக்கிறார்கள். கழற்றும்போது அதில் ஒரு விஷயம் கண்ணில் பட்டு, அதைச் சுருட்டி எடுத்துக்கொண்டு என்னிடமே வந்துவிட்டார்கள்.

"சார், பத்தொன்பதாம் நம்பர் கட்டத்துல, பொட்டாசியத்துக்குக் கீழ, பென்சில்ல 'கனகவல்லி'ன்னு எழுதியிருக்கு. யார் சார் அது? விஞ்ஞானியா?"

நான் குடித்துக்கொண்டிருந்த காப்பி புரையேறி மூக்கு வழியாக வந்தது. ஏனென்றால் அந்த விஞ்ஞானி அப்போது எங்கள் அடுப்படியில் அப்பளம் பொரித்துக்கொண்டிருந்தாள்.

"மெதுவாகப் பேசுங்கள் தம்பிகளா. அவளுக்கே இது தெரியாது" என்றேன். பையன்கள் விடவில்லை. குரலைத் தாழ்த்தி அவர்களுக்குச் சொன்னதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

நான் வேலை கற்ற கதையை நீட்டப் போவதில்லை. இன்டர்மீடியட்டில் ரசாயனம் படித்தேன். உலகச் சண்டை முடிந்த கையோடு வேலை கிடைத்தது. முதல் இரண்டு வருடம் பாட்டில் கழுவினேன், மூன்றாம் வருடம் பாட்டிலுக்கு லேபிள் ஒட்டினேன், நான்காம் வருடம்தான் பாட்டிலுக்குள் என்ன இருக்கிறது என்று பார்க்க விட்டார்கள். அவ்வளவுதான் என் பயிற்சி.

எங்கள் கூடம் ராயபுரத்தில், கடலுக்கும் ரயில் தண்டவாளத்துக்கும் நடுவே ஒரு பழைய மாடிக் கட்டடத்தில் இருந்தது. துறைமுகத்தில் இறங்கும் சரக்கில் பெயர் அழிந்துபோனது, பெயர் மேல் சந்தேகம் விழுந்தது எல்லாவற்றிலும் ஒரு சிட்டிகை எங்களிடம் வந்து சேரும். அது இன்னது என்று நாங்கள் சொல்ல வேண்டும்.

எப்படிச் சொல்வோம்? அதுதான் என்னைப் பித்துப் பிடிக்க வைத்த வேலை. ஸ்பிரிட் விளக்கை ஏற்றுவோம். கண்ணாடிக் குச்சியில் பதித்த மெல்லிய பிளாட்டினக் கம்பியை அமிலத்தில் தோய்த்துத் தீயில் காட்டுவோம். தீயின் நிறம் மாறாத வரைக்கும் தோய்ப்பதும் காட்டுவதுமாக இருப்போம். கம்பி சுத்தமான பிறகு, கல்வத்தில் அரைத்த தூளில் அதைத் தொட்டுத் தீயின் ஓரத்துக்குக் கொண்டுபோவோம். உடனே தீ பேசும்! செம்பு என்றால் மயில் பச்சை. பேரியம் என்றால் வாழைக்குருத்துப் பச்சை. கால்சியம் செங்கல் நிறம். ஸ்ட்ரான்சியம் வந்துவிட்டால் செக்கச்செவேல் என்று அறையே சிவந்துபோகும். கையில் சம்பளமும் கொடுத்து தினம் தினம் தீபாவளியும் காட்டுகிறார்களே என்று எனக்குத் தலைகால் புரியாது. முதல் முறை ஸ்ட்ரான்சியத்தைப் பார்த்த அன்று ராயபுரத்திலிருந்து திருவொற்றியூர் வரை நடந்தே வீட்டுக்குப் போனேன். பஸ்ஸில் உட்கார முடியவில்லை.

இதில் ஒரே ஒரு தொல்லை சோடியம். சோடியம் என்றால் மஞ்சள். சமையல் உப்பில் இருப்பதும் அதுதான், கடல் காற்றில் இருப்பதும் அதுதான். எங்கள் ஜன்னலுக்கு வெளியே ஒரு முழுக் கடல் கிடந்தது. காற்று உள்ளே வந்தால் போச்சு, எதைக் காட்டினாலும் தீ மஞ்சளாகவே எரியும். அதனால் தீச்சோதனை எல்லாம் காலையில், கடல் காற்று கிளம்புவதற்குள் முடிந்துவிட வேண்டும். காற்று எப்போது திரும்பும் என்று சொல்வதற்கு எங்களிடம் ஏழுமலை அண்ணன் இருந்தார். முகத்துவாரக்குப்பத்துக்காரர், கூடத்தில் உதவியாளர். காது மடலை ஜன்னல் பக்கம் திருப்பி நிற்பார். திடீரென்று, "காத்து திரும்பிக்கிச்சு சார், கடையக் கட்டு" என்பார். உடனே விளக்கை அணைத்துவிடுவோம். அவர் சொல்லி இரண்டு நிமிடத்தில் மேசைத் தாளெல்லாம் படபடக்கும்.

மேலதிகாரி தேவசகாயம் சாருக்குச் சொந்த ஊர் நாகர்கோவில் பக்கம். வெள்ளைக் கால்சட்டை, கறுப்புக் குடை, மேல்பையில் இரண்டு பென்சில். அவர் குரலை உயர்த்தி நான் கேட்டதே இல்லை. சந்தோஷமாக இருந்தால் ஞானப்பாட்டு ஒன்றை மூக்காலேயே பாடுவார். கோபம் வந்துவிட்டால் மரியாதை பொங்கிவிடும். சாதாரணமாக "சுந்தரம், இங்க வாரும்" என்கிறவர், கோபத்தில் "தாங்கள் சற்றே இங்கு வரவேண்டும்" என்பார். 'தாங்கள்' என்ற சொல்லைக் கேட்டால் இன்றும் நான் எழுந்து நின்றுவிடுவேன்.

சுவரில் இருந்த அட்டவணை அவருடைய சொத்து. எப்போதோ அச்சடித்த பழைய அட்டவணை, யுரேனியத்தோடு முடிந்துவிடும். அதற்குப் பிறகு உலகத்தில் எங்கே புதிய மூலகம் கண்டுபிடித்தாலும் (அப்போது தனிமத்தை மூலகம் என்போம்) சார் பத்திரிகையில் படித்துவிட்டு வந்து, ஸ்கேல் வைத்துக் கோடு போட்டு வைத்திருக்கும் கட்டத்தில் பென்சிலால் அதன் பெயரை எழுதுவார். எழுதிய உடனே அடுத்தது பிறக்கும் என்று ஒரு காலிக் கட்டம் போட்டு வைப்பார். பிறகு தன் கைக்காசில் எல்லாருக்கும் மசால் வடை. பெர்க்கெலியமும் கலிபோர்னியமும் அடுத்தடுத்து வந்தபோது ஆளுக்கு இரண்டு வடை கிடைத்தது. "வெள்ளைக்காரன் ஊர்ல எவனோ பெத்ததுக்கு ராயபுரத்துல வடையா!" என்று ஏழுமலை அண்ணன் வாயெல்லாம் பல்லாகச் சாப்பிட்டார்.

சாருக்கு இன்னொரு கட்டளை உண்டு. தீயைப் பார்க்கும்போது யாரும் வாய் திறக்கக் கூடாது. மூன்று பேரும் தனித்தனியாகச் சீட்டில் எழுதி, மடித்து, ஒரு பீக்கரில் போட வேண்டும். மூன்று தடவை காட்டி, மூன்று தடவை எழுதிய பிறகுதான் பிரிப்பார். ஒருவர் சொன்னால் மற்றவர் கண்ணும் அதையே பார்க்கும் என்பது அவர் பயம். சாரும் நானும் மூலகத்தின் பெயரை எழுதுவோம். ஏழுமலை அண்ணனுக்கு அந்தப் பெயர்கள் வராது. பூவின் பெயரை எழுதுவார். ஆவாரம்பூ என்றால் சோடியம். கத்தரிப்பூ என்றால் பொட்டாசியம். சார் முதலில் பிரிப்பது அந்தச் சீட்டைத்தான். "நாம ரெண்டு பேரும் நமக்குத் தெரிஞ்சத எழுதுவோம் சுந்தரம். அவரு பாத்தத எழுதுவாரு" என்பார்.

இனி விஷயத்துக்கு வருகிறேன்.

வண்ணாரப்பேட்டையில் இஸ்மாயில் பாய் என்று ஒரு வியாபாரி. கப்பலில் உர உப்பு வரவழைத்து ராயபுரம் கிடங்கில் அடுக்கியிருந்தார். யாரோ ஒரு புண்ணியவான் அது உரமே இல்லை, வெடிமருந்துக்குப் போகிற வெடியுப்பு என்று மொட்டைக் கடுதாசி போட்டுவிட்டான். பார்வைக்கு இரண்டும் ஒரே வெள்ளை. வயலுக்குப் போவது சோடிய உப்பு, வெடிக்குப் போவது பொட்டாசிய உப்பு. லைசென்ஸ் இல்லாமல் இரண்டாவதை வைத்திருந்தால் கிடங்குக்கு சீல், பாய்க்கு ஜெயில். சுங்கத்திலிருந்து அரக்கு முத்திரை வைத்த பாட்டிலில் மாதிரி வந்தது. மறுநாள் மூன்று மணிக்கு ஆள் வருவார், முதல் அறிக்கை கையில் இருக்க வேண்டும் என்று உத்தரவு.

அந்த வாரம் பார்த்து, கல்வம் கழுவும் எங்கள் அமில ஜாடி தீர்ந்துபோயிருந்தது. ஒரு கிண்ணம் மட்டும் மிச்சம், அதுவும் கம்பிக்குத்தான். பீங்கான் கல்வத்தில் முந்தைய சரக்கின் காவிக்கறை அப்படியே இருந்தது. தண்ணீர் விட்டுத் தேய்த்தேன், போகவில்லை. அன்று சாயங்காலம் வீட்டில் இதைச் சொல்லி அலுத்துக்கொண்டேன். கல்யாணமாகி ஒரு வருடம். கனகவல்லி என்னைப் பார்த்துச் சிரித்தாள்.

"ஒரு கலீஜு கல்வத்துக்கா இத்தினி பேஜாரு? அடுப்புல சவுக்குச் சாம்பல் கீது. தேங்கா நாரால நாலு தேய் தேய்ச்சின்னா பளிச்சுனு ஆயிடும். காலேஜில இதெல்லாம் சொல்லித் தரமாட்டாங்களா?"

காகிதத்தில் பொட்டலம் கட்டியே கொடுத்தாள். மறுநாள் எல்லாருக்கும் முன்னால் போய்த் தேய்த்தேன். கல்வம் பால் போல வெளுத்தது. தண்ணீர் விட்டு அலசி வைத்துவிட்டு, சார் பார்த்துப் பாராட்டுவார் என்று காத்திருந்தேன். அந்த வாரம்தான் என் வேலையை நிரந்தரமாக்கும் தாளும் அவர் மேசைக்கு வந்திருந்தது. அவரும் கல்வத்தைப் பார்த்தார், "அடேயப்பா" என்றார். நான் ஒரு அங்குலம் உயர்ந்தேன்.

சோதனை தொடங்கியது. மாதிரியை அரைத்தேன். கம்பியைத் தொட்டுக் காட்டினேன். தீ மஞ்சளாக எரிந்தது. இது போதாது, மஞ்சள் எப்போதும் வரும், அதற்குப் பின்னால் பொட்டாசியம் ஒளிந்திருக்கலாம். அதைப் பார்ப்பதற்குக் கோபால்ட் நீலக் கண்ணாடி இருக்கிறது. அதைக் கண்ணுக்கு நேரே பிடித்தால் மஞ்சள் முழுக்க மறைந்துபோகும், ஒளிந்திருப்பது மட்டும் தெரியும். பிடித்தோம். கத்தரிப்பூ நிறத்தில் ஒரு கீற்று மின்னி மறைந்தது. மூன்று தடவையும் மின்னியது.

சார் சீட்டில் பொட்டாசியம். என் சீட்டிலும் பொட்டாசியம். ஏழுமலை அண்ணன் சீட்டில் கத்தரிப்பூ.

சார் பாட்டுப் பாடவில்லை. "பாவம் மனுசன்" என்று மட்டும் சொல்லிவிட்டு அறிக்கை எழுத உட்கார்ந்தார்.

மதியம் நான் சாப்பாட்டுத் தூக்கோடு வராந்தாவுக்கு வந்தால், பெஞ்சில் இஸ்மாயில் பாய் உட்கார்ந்திருக்கிறார். காலையிலிருந்தே இருக்கிறாராம். எங்கள் ஆட்கள் வெளியாரிடம் முடிவைப் பற்றிப் பேசக் கூடாது. நான் பேசவில்லை. ஆனால் அவர் பேசினார்.

"இன்னா தம்பி, இன்னும் ஆவலியா? இன்னா கருமம் புடிச்ச சரக்கோ இது. வாங்குன நாள்லேந்து பேஜாரு. ராயபுரம் காத்து பட்டா மூட்டை அயுவுது தம்பி, அயுவுது! சாக்கு நனைஞ்சி தரையில தண்ணி ஓடுது. இத்த வெடின்றான் கடுதாசி போட்ட பேமானி. ஈரத்துல எங்கனா வெடி வெடிக்குமா?"

என் கையிலிருந்த சோறு வாய்க்குப் போகவில்லை.

வெடியுப்பு அழாது. கடற்கரையில் வைத்தாலும் அது பாட்டுக்கு உலர்ந்து கிடக்கும். வெடிமருந்துக்கு அதையே தேடுவதும் அதனால்தான். காற்று பட்டு நசநசத்துப் போவது சோடிய உப்பு. நான் தூக்கைப் பெஞ்சிலேயே போட்டுவிட்டு உள்ளே ஓடினேன். காலையில் தாளில் சிந்திய மாதிரித் தூள் மேசையில் அப்படியே கிடந்தது. விரலால் தொட்டேன். ஈரம்! தாள் ஊறிப்போயிருந்தது.

அப்படியானால் சரக்கு சோடியம்தான். பிறகு கத்தரிப்பூ எங்கிருந்து வந்தது? கம்பி சுத்தம். அமிலம் சுத்தம். திரும்பினேன். மேசை ஓரத்தில் கல்வம் என்னைப் பார்த்துப் பளபளவென்று சிரித்தது.

விறகுச் சாம்பல் முழுக்கப் பொட்டாசியம்! மனிதன் முதன்முதலில் பொட்டாசிய உப்பை எடுத்ததே சாம்பலைக் கரைத்துத்தான். பரீட்சையில் அதற்கு ஐந்து மதிப்பெண் வாங்கியவன் நான். கல்வத்தின் உட்புறம் சொரசொரப்பு, எத்தனை அலசினாலும் கொஞ்சம் தங்கிவிடும். என் வீட்டு அடுப்புச் சாம்பல் அந்த மனிதரை ஜெயிலுக்கு அனுப்பப் போகிறது. மணி இரண்டு.

"அண்ணே! விளக்கை ஏத்துங்க!"

"காத்து திரும்பி ரெண்டு மணி நேரம் ஆச்சுப்பா. சார் பாத்தா தொலைச்சுடுவாரு."

"பரவாயில்லை, ஜன்னலைச் சாத்துங்க!"

ஒரு ஜன்னலுக்குக் கதவே இல்லை. ஏழுமலை அண்ணன் ஒரு நொடி யோசித்தார். பிறகு இடுப்பு வேட்டியை அவிழ்த்து, இரண்டு கையாலும் விரித்து ஜன்னலை மறைத்துக்கொண்டு காக்கி அரைக்கால் சட்டையோடு நின்றார். "சீக்கிரம் பாருய்யா, காத்து என்னையே தூக்குது!" நான் கல்வத்தைக் கவிழ்த்து, மாதிரி படாமல் சாம்பல் மட்டும் பட்ட அடிப்புறத்தில் வெறும் காய்ச்சி வடித்த நீரை விட்டுத் தேய்த்து, கம்பியைத் தோய்த்துத் தீயில் காட்டி, நீலக் கண்ணாடியைப் பிடித்தேன். மாதிரியே இல்லாத வெறும் தண்ணீரில் கத்தரிப்பூ பூத்தது. நான் சிரித்துவிட்டேன். பயம், வெட்கம், சந்தோஷம் எல்லாம் ஒன்றாக வந்தால் மனிதன் சிரிக்கத்தான் செய்கிறான்.

"தாங்கள் இருவரும் இங்கே என்ன செய்துகொண்டிருக்கிறீர்கள் என்று நான் அறியலாமா?"

வாசலில் சார். ஏழுமலை அண்ணன் சலாம் வைக்கக் கையைத் தூக்கினார். வேட்டி பறந்துபோய் சார் குடைமேல் விழுந்தது.

நான் எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். அழுத மூட்டை, ஈரத் தாள், சாம்பல், தேங்காய் நார், எதையும் விடவில்லை. "தப்பு என்னுடையதுதான் சார். என் வேலை போனாலும் சரி, அந்த அறிக்கையை மட்டும் அனுப்பாதீர்கள்" என்றேன்.

சார் வேட்டியை மடித்து ஏழுமலை அண்ணனிடம் கொடுத்தார். எனக்கே தெரியாமல் அலமாரியின் அடியில் வைக்கோலுக்குள் இருந்த புதுக் கல்வத்தை எடுத்தார். மிச்சமிருந்த அமிலத்தில் பாதியை ஊற்றித் தானே கழுவினார். தானே அரைத்தார். பிறகு, "சீட்டை எடும்" என்றார். 'எடும்' என்றார்! தாங்கள் போய்விட்டது! எனக்கு அப்போதே பாதி உயிர் வந்துவிட்டது.

கடல் காற்றின் மஞ்சளை நீலக் கண்ணாடி மறைத்துவிடும், பொட்டாசியம் இருந்தால் மட்டும் தெரியும் என்று மூன்று தடவை காட்டினார். நீலக் கண்ணாடிக்குப் பின்னால் ஒன்றுமே இல்லை, இருட்டு. சீட்டுகளைப் பிரித்தார். ஏழுமலை அண்ணன் மூன்றிலும் ஒரே மாதிரி எழுதியிருந்தார்: 'பூ பூக்கலை.'

மேசையில் இருந்த அறிக்கையை சார் நாலாகக் கிழித்தார். மூன்று மணிக்கு சுங்கத்து ஆள் வந்தபோது புதிய அறிக்கையின் மை இன்னும் காயவில்லை. சரக்கு சோடிய உப்பு என்று அதில் இருந்தது. மறுநாள் சுங்கத்திலிருந்து முறையாகத் தகவல் போய், பாய் ஒரு தட்டு நிறையத் தம்ரூட் இனிப்போடு ஓடிவந்தார். சார் வாங்கவில்லை. சோதனைக்குச் சரக்கு அனுப்பினவரிடம் ஒரு வாய்த் தண்ணீர்கூட வாங்கக் கூடாது என்பது அவர் சட்டம். அதற்குப் பதில் தன் காசில் மசால் வடை வரவழைத்து பாய்க்கும் ஒன்று கொடுத்தார். "வெடியும் இல்ல கிடியும் இல்ல, வடை!" என்று பாய் கண்ணைத் துடைத்துக்கொண்டு சாப்பிட்டார்.

ஏழுமலை அண்ணன் கேட்டார், "இன்னா சார் வடை? மூலகம் எதுனா பொறந்துச்சா?"

சார் என் பக்கம் திரும்பினார். "உம்ம வீட்டம்மா பேரு என்ன?"

மேலிடத்துக்கு விளக்கம் எழுதப் போகிறார், அவள் பெயரையும் அதில் இழுக்கப் போகிறார் என்று நடுங்கிப்போனேன். "அவளுக்கு ஒன்றும் தெரியாது சார்..."

"பேரச் சொல்லும்."

"கனகவல்லி."

மேல்பையிலிருந்து பென்சிலை எடுத்தார். நேராக அட்டவணைக்குப் போனார். பத்தொன்பதாம் கட்டத்தில், பொட்டாசியத்துக்குக் கீழே, குண்டு எழுத்தில் எழுதினார். "கண்டுபிடிச்சவங்க பேரு போடணும்லா. நம்ம கூடத்துல பொட்டாசியத்தக் கண்டுபிடிச்சது அவங்கதான்" என்றார். அப்புறம் மூக்கால் பாட ஆரம்பித்தார். என் நிரந்தரத் தாளில் அந்த வாரமே கையெழுத்துப் போட்டார். தண்டனையாக ஒரு மாதம் எல்லாக் கல்வத்தையும் நானே அமிலத்தில் கழுவினேன். வீட்டில் எதையும் சொல்லவில்லை. ஆசையாகக் கொடுத்த சாம்பல் அது, சொன்னால் அவள் முகம் வாடிவிடும் என்று இருந்துவிட்டேன். இருந்தது இருந்தபடியே முப்பது வருடம் ஓடிவிட்டது.

இவ்வளவையும் இளைஞர்களிடம் சொல்லி முடித்தபோது நாங்கள் மூவரும் சிரித்த சிரிப்பு அடுப்படிக்குக் கேட்டுவிட்டது. அட்டவணை தரையில் விரித்துக் கிடந்தது. கனகவல்லி அப்பளத் தட்டோடு வந்து நின்றாள்.

"இன்னாய்யா, வூடே அதிருது?" என்றவள் குனிந்து பார்த்தாள். கண்ணாடியை மாட்டிக்கொண்டு மறுபடி பார்த்தாள். "இது என் பேராச்சே!"

வேறு வழியில்லை, அவளிடமும் சொன்னேன். முதலில் பிடிபிடியென்று பிடித்தாள். "என் சாம்பலால ஒரு மனுசன் உள்ள போயிருப்பான், அத்த முப்பது வருசமா முழுங்கிக்கினு கீறியா நீ?" பிறகு தரையில் உட்கார்ந்தாள். விரலைக் கட்டத்தின் மேல் வைத்தாள்.

"எனக்கு மேல யாரு?"

"சோடியம். உப்பு."

"பக்கத்துல?"

"கால்சியம். சுண்ணாம்பு."

"உப்பு, சாம்பலு, சுண்ணாம்பு. என் அடுப்படியத்தான் காகிதத்துல வரைஞ்சி மாட்டி வச்சிருந்தீங்களா?" இளைஞர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அவள் சிரிக்கவில்லை. அந்தக் குண்டு எழுத்தின் மேல் விரலை ஓட்டினாள். "அந்த மனுசன ஒரு நாளு வூட்டுக்குச் சாப்பிடக் கூட்டியாந்திருக்கலாம்ல நீ?"

சார் ஓய்வுபெற்று நாகர்கோவிலுக்குப் போனார், அங்கேயே காலமாகிவிட்டார். கூப்பிட்டிருக்கலாம். கூப்பிடவில்லை. அது எனக்கு இன்றும் குறைதான்.

இளைஞர்கள் அட்டவணையைச் சுருட்டப் போனார்கள். கனகவல்லி கையை வைத்துத் தடுத்தாள்.

"இதுல காலிக் கட்டம் எதுனா கீதா?"

இருந்தது. அடுத்தது பிறக்கும் என்று சார் கடைசியாக ஸ்கேல் வைத்துக் கோடு போட்டுவிட்டுப் போன கட்டம், கீழ் வரிசையின் கடைசியில். ஒரு தம்பி சட்டைப் பையிலிருந்து பென்சிலை எடுத்துக் கொடுத்தான். ஐந்தாம் வகுப்பு படித்தவள், எழுத்துக் கூட்டி நிதானமாக எழுதினாள். 'தேவசகாயம் சார்.' சார் என்பதையும் சேர்த்தே எழுதினாள்.

மூலகம் பிறந்தால் மசால் வடை போட வேண்டும். அன்று வீட்டில் அப்பளம்தான் இருந்தது. ஆளுக்கு இரண்டு எடுத்துக்கொண்டோம்.